மில்லுக்காரரும் அடுத்தவர் மஜ்ஜையும்

காலையில் எடுத்துப்போன புத்தகத்தை அன்று சாயங்காலமே திருப்பிக் கொண்டுவந்த வாசகர் என் பணிக்காலத்தில் ஒருவர்தான். நூலகத்தில் உட்கார்ந்தே எனக்குத் தலை நரைத்தது. எடுத்ததைத் திருப்பாதவர்கள், திருப்பும்போது கடைசிப் பத்துப் பக்கத்தை மட்டும் தங்களிடமே வைத்துக்கொள்கிறவர்கள், நூலக முத்திரையோடு அதை என் மைத்துனன் கல்யாணத்துக்கே பரிசாகக் கொடுத்தவர் என்று எல்லா வகையும் பார்த்தாயிற்று. இவர் எந்த வகையிலும் அடங்கவில்லை.

"அதுக்குள்ள படிச்சிட்டீங்களா?" என்று கேட்டேன்.

"எங்க சார் படிக்கறது? உங்க புக்கு வூட்ல இருக்குதேன்னு மில்லுல கை ஓடல. நாய் கவ்விக்கினு போய்ட்டா? மழ பெஞ்சி நனைஞ்சிட்டா?"

"வெயில் கொளுத்துதே."

"பெய்யாதுன்னு நீங்க எழுதிக் குடுப்பீங்களா?"

அதற்குப் பிறகு அவர் நூலகத்துக்கு வந்து நின்றபடியே படித்துவிட்டுப் போவார். உட்காரச் சொன்னாலும் மாட்டார். நாற்காலி அரசாங்கத்துடையதாம்.

செஞ்சியில் எங்கள் தெருவில் மாவு மில் வைத்திருந்தார். அதனால் எல்லோருக்கும் மில்லுக்காரர். என் வீட்டுக்கும் மில்லுக்கும் நடுவில் இரண்டே வீடுகள். மாவு அரைக்கப் போகிற யாருக்கும் தெரிந்த ஒரு நியதி உண்டு. நமக்கு முன்னால் அரைத்தவருடைய மாவில் கொஞ்சம் நம்மோடு வரும். நம் மாவில் கொஞ்சம் அடுத்தவரோடு போகும். முன்னால் போனவர் கேழ்வரகு என்றால் நம் வீட்டு இடியாப்பம் அன்றைக்குச் சற்றுக் கறுத்திருக்கும். இதற்காக யாரும் சண்டை போடுவதில்லை. மில்லுக்காரரால்தான் அதைத் தாங்க முடியவில்லை. ஒவ்வொருவருக்கும் அரைத்து முடித்ததும் மிசினை நிறுத்துவார். மாவு விழும் வாயில் கட்டியிருக்கிற துணியைத் தட்டித் தட்டி, ஒட்டியிருப்பதையெல்லாம் உதிர்த்து அவரவர் தூக்கில் போடுவார். அப்புறம் தன் சொந்த அரிசியில் ஒரு பிடி போட்டு ஓட்டி, அதைக் கோழிக்குக் கொட்டிவிட்டுத்தான் அடுத்த ஆளைக் கூப்பிடுவார். ஊரிலேயே மெதுவான மில் அதுதான். கொழுத்த கோழிகளும் அங்கேதான்.

"இன்னாண்ணே, ஒரு படி மாவுக்குப் பொழுது சாஞ்சிடும் போல இருக்குதே?" என்று வரிசையில் நிற்கிற பெண்கள் கத்துவார்கள்.

"அடுத்தவங்க மாவு உன்னுதுல கலந்துட்டா, எப்டிம்மா பிரிச்சித் திருப்பிக் குடுப்ப?" என்பார். பதில் சொல்ல யாருக்கும் தெரியாது. ஏனென்றால் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்று வேறு யாருக்கும் தோன்றியதில்லை.

ஒரு தடவை என் மனைவி ஒரு கிண்ணத்தில் கேசரி கொடுத்தனுப்பினாள். கிண்ணத்தை வெறுமனே திருப்பக் கூடாது என்பது எல்லா வீட்டிலும் உள்ள வழக்கம்தான். ஆனால் பிறர் நாலு நாள் எடுத்துக்கொள்வார்கள். இவர் நான் வாசலில் நிற்கும்போதே கேசரியைத் தன் தட்டில் கவிழ்த்து, கிண்ணத்தைக் கழுவித் துடைத்து, அது நிறையக் கத்தரிக்காய் வைத்து என் கையில் கொடுத்துவிட்டார். என் மனைவிக்கு ரோஷம் வந்துவிட்டது. மறுநாள் அந்தக் கத்தரிக்காயில் பாதியைக் குழம்பாக்கி அனுப்பினாள். உடனே முட்டை வந்தது. முட்டைக்குப் பதில் முறுக்கு போனது. இரண்டு வீட்டுக்கும் நடுவில் அந்தக் கிண்ணம் ஓயாமல் அலைந்தது. அலைந்தது கிண்ணம் என்று கௌரவமாகச் சொல்கிறேன். தூக்கிக்கொண்டு அலைந்தவன் நான். கடைசியில் என் மனைவிதான் தோற்று நிறுத்தினாள். அன்றைக்கு அவர் நிம்மதியாகத் தூங்கியிருப்பார்.

சாமியிடம்கூட அப்படித்தான். அவர் மனைவி அமாவாசை தவறாமல் மேல்மலையனூருக்கு ஸ்பெஷல் பஸ் ஏறுகிறவர். நான் அவரை அக்கா என்று கூப்பிடுவேன். கூட்டிப் போனால் மில்லுக்காரரும் போவார். அங்காளம்மனைக் கும்பிடுவார். எதுவும் கேட்கமாட்டார்.

"வேண்டிக்கிட்டா செய்யணும் சார். செய்யாம வுட்டா அவளும் சும்மா இருக்கமாட்டா, நமக்கும் தூக்கம் வராது. 'நல்லாருக்கியாம்மா?'ன்னு கேட்டுட்டு வந்துடுவேன்."

இதையெல்லாம் நான் சிரித்துக்கொண்டே எழுதியிருக்கிறேன். நகைச்சுவைக் கட்டுரை எழுதுகிறவன் என்று ஊரில் என்னைப் பற்றி ஒரு வதந்தி உண்டு. படித்துப் பார்த்தவர்கள் அதை மறுக்கிறார்கள். யாரிடமும் எதையும் வாங்காத மனுஷன் என்று நாங்கள் எல்லோரும் அவரைக் கொண்டாடினோம். அது ஒரு குணம் என்றுதான் நினைத்தோம். ஒருநாள் அதுவே வியாதியோடு கூட்டுச் சேரும் என்று யாருக்கும் தோன்றவில்லை.

முதலில் ஈறில் ரத்தம் கசிந்தது. பிறகு தொட்ட இடமெல்லாம் நீலம் பாய்ந்தது. மாவுத் தூசிதான் காரணம் என்று ஒரு மாதம் ஓட்டினார். கடைசியில் சென்னையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் ரத்தப் புற்றுநோய் என்று சொன்னார்கள். படித்தவன் துணைக்கு வேண்டும் என்று அக்கா என்னையும் கூட்டிப்போயிருந்தார். நான் படித்ததெல்லாம் கல்வெட்டும் பழைய நாவல்களும். டாக்டர் அவற்றைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. மருந்து கொடுத்தால் நோய் அடங்கும், ஆனால் திரும்பி வரும், வேறொருவருடைய எலும்பு மஜ்ஜையை ஏற்றினால்தான் பிழைக்க வழி உண்டு என்றார்.

மில்லுக்காரர் என் பக்கம் திரும்பினார். "வேற ஒருத்தருதா?"

"ஆமாம்."

"எத்தினி நாளைக்கு?"

"எத்தனை நாளைக்கா? அது உங்களோடயே இருந்துடும்."

நோயின் பெயரைக் கேட்டபோது வராத பயம் அப்போதுதான் அவர் முகத்தில் வந்தது.

சேதி தெருவில் பரவியது. அவருக்கு ஓ பாசிட்டிவ் என்று யாரோ சொல்லிவிட, ஓ பாசிட்டிவ்காரர்கள் அத்தனை பேரும் மில் வாசலில் கூடிவிட்டார்கள். டீக்கடைக்காரர் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டே வந்தார். ரத்த குரூப் வேறு, இது வேறு என்று விளக்கும் பொறுப்பு என் தலையில் விழுந்தது.

"வெள்ளை அணு மேல ஒரு அடையாளம் ஒட்டியிருக்கும். பாதி அப்பா குடுத்தது, பாதி அம்மா குடுத்தது. அது ரெண்டு பேருக்கும் ஒத்துப்போகணும். இல்லேன்னா உள்ள வர்ற அணு, இந்த உடம்பே அந்நியம்னு நினைச்சு அடிக்க ஆரம்பிச்சிடும்" என்றேன்.

"ஓ, வாடகைக்கு வந்தவன் வூட்டுக்காரனப் போட்டு அடிக்கற மாதிரி" என்றார் டீக்கடைக்காரர். மடித்த கையை அவர் இறக்கவில்லை. "பரவால்ல சார், எதுக்கும் என்னுத எடுத்துப் பாக்கச் சொல்லுங்க."

மில்லுக்காரர் உள்ளே மூட்டைகளுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். "எல்லாரையும் அனுப்பிடுங்க சார். இத்தினி பேருக்கு நான் எங்க போயி திருப்பிச் செய்வேன்?" என்றார். கண் கலங்கியிருந்தது. அது நன்றியா பயமா என்று எனக்குத் தெரியவில்லை. அவருக்கு இரண்டும் ஒன்றுதான்.

கூடப்பிறந்தவர்களுக்குள் ஒத்துப்போக நாலில் ஒரு வாய்ப்பு உண்டு என்று ஆஸ்பத்திரியில் சொல்லியிருந்தார்கள். சிங்கவரத்தில் கட்டிக்கொடுத்த தங்கை ஒருத்திதான் அவருக்கு. அந்தம்மா சோதனைக்குப் புறப்பட்ட விதத்தைப் பார்த்தால் கல்யாணத்துக்குப் போகிறார் என்று நினைக்கத் தோன்றும். தலை நிறையப் பூ.

"எங்கண்ணன் எங்க வூட்ல ஒரு டம்ளர் தண்ணி குடிச்சதில்ல சார். சீர் மட்டும் கொண்டாந்து கொட்டும். இதயாவது எங்கிட்ட வாங்கட்டும், பாக்கறேன்" என்றார்.

ஒத்துப்போகவில்லை. ஆஸ்பத்திரி நடைபாதையில் அந்தம்மா தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். "ஒரே வயித்துல பொறந்தோமே நைனா, இதுல கூடவா பொருந்தல?" என்று, இல்லாத அப்பாவிடம் கேட்டு அழுதார். மில்லுக்காரர் பக்கத்தில் உட்கார்ந்து, "வுடு பாப்பா, வுடு பாப்பா" என்று முதுகைத் தட்டிக்கொண்டிருந்தார்.

அப்புறம்தான் பதிவேடு என்கிற சங்கதி வந்தது. முன்பின் தெரியாத யாருக்காவது மஜ்ஜை கொடுக்கத் தயார் என்று ஊர் ஊராக ஜனங்கள் கன்னத்தின் உள்பக்கத்தைப் பஞ்சால் தேய்த்துக் கொடுத்துப் பெயர் எழுதி வைத்திருக்கிறார்கள். டீக்கடைக்காரர் உட்படத் தெருவில் பாதிப் பேர் அதற்கென்று நடந்த முகாமுக்குப் போய்த் தேய்த்துக்கொண்டு வந்தார்கள். நானும் போய் வாயைத் திறந்தேன். வயதைக் கேட்டுவிட்டு மூடிக்கொள்ளச் சொன்னார்கள். என்னை வாயை மூடச் சொன்னவர்கள் பலர் உண்டு. இவ்வளவு மரியாதையாகச் சொன்னவர்கள் இவர்கள்தான்.

எங்கள் தெருக்காரர் யாரும் பொருந்தவில்லை. எங்கேயோ இருந்த ஒருவர் பொருந்தினார். பதிவேட்டில் இருந்து ஒரு பெண் போன் செய்தார். முழுப் பொருத்தம், அவரும் சம்மதித்துவிட்டார் என்றார். மில்லுக்காரர் போனை வாங்கினார்.

"யாரும்மா அவரு?"

"பேர் சொல்லக் கூடாது சார். ஆண், வயசு இருபத்தாறு. அவ்வளவுதான் சொல்லலாம்."

"ஊரு?"

"அதுவும் கூடாது சார். ஒரு வருஷம் போகணும். அப்பவும் ரெண்டு பேரும் சம்மதிச்சாதான்."

"சரி, பேரு வாணாம். ஒரு மூட்ட மல்லாட்ட தர்றேன். நீங்களே அவருகிட்ட சேத்துடுங்க."

மறுமுனையில் அந்தப் பெண்ணுக்கு மல்லாட்டை என்றால் வேர்க்கடலை என்று புரியவே கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும், அதுவும் கூடாது என்றார்.

"எலும்புக்குள்ள இருக்கறத அனுப்பலாம், மண்ணுக்குள்ள இருக்கறத அனுப்பக் கூடாதா? இன்னா ரூல்ஸ் சார் இது?" என்று என்னிடம் சண்டைக்கு வந்தார். நான்தான் ரூல்ஸ் எழுதினேன் என்பது போல.

முதலில் மருந்தைச் செலுத்தி அவருடைய சொந்த மஜ்ஜையைச் சுத்தமாகத் துடைத்தார்கள். மற்றவர்களுக்கு மணிக்கணக்கில் விளக்கவேண்டிய இது அவருக்குச் சட்டென்று புரிந்தது. "மிசின தொடைக்கறாங்க" என்றார். ஏற்றின அன்று நான் உள்ளே போக முடியவில்லை. அக்கா சொல்லித்தான் தெரியும். ஒரு பெட்டியில் வந்ததாம். தக்காளிச் சாறு நிறத்தில் ஒரு பை. கம்பியில் மாட்டினதும் மில்லுக்காரர் கஷ்டப்பட்டு எழுந்து உட்கார்ந்து அதைக் கும்பிட்டாராம்.

பிழைத்து வந்தார். பி பாசிட்டிவ் ஆகி வந்தார். மஜ்ஜை மாறினால் ரத்த குரூப்பும் கொடுத்தவருடையதாகிவிடும். "என் உடம்புல ஓடறது என்னுதே இல்ல சார். அந்தப் புள்ளையோடது" என்று சொல்லும்போது குரலைத் தாழ்த்திக்கொள்வார், பக்கத்து அறையில் விருந்தாளி தூங்குகிற மாதிரி. தன் உடம்பை அவர் அவ்வளவு கவனமாகப் பார்த்துக்கொண்டு நான் பார்த்ததில்லை. கொசு கடித்தால்கூட "அந்தப் புள்ளையோடத உறிஞ்சுது பாரு" என்று விரட்டுவார்.

மில் தூசியில் நிற்கக் கூடாது என்று அக்காதான் மில்லை ஓட்டினார். நூலகத்துக்குள்ளும் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அந்த நூலகத்தைப் பற்றி நான் கேட்ட நேர்மையான விமர்சனம் அது ஒன்றுதான். வேலையில்லாமல் அவர் முகக்கவசம் போட்டுக்கொண்டு கோட்டைக்குப் போகிற ரோட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் நிற்க ஆரம்பித்தார். ராஜகிரி ஏறுவதற்கு எங்கெங்கிருந்தோ பைக்கில் பையன்கள் வருவார்கள். வறுத்த மல்லாட்டையைப் பொட்டலம் கட்டி நீட்டுவார்.

"வாங்கிக்கப்பா. உனுக்கு இன்னா வயசு?"

முகம் மூடிய ஆள் ரோட்டில் நின்று இலவசமாக எதையாவது கொடுத்து வயதையும் கேட்டால் எந்தப் பையன் நிற்பான்? பாதிப் பேர் வண்டியை முறுக்கிக்கொண்டு ஓடினார்கள். மீதிப் பேர் எந்தக் கட்சி என்று கேட்டார்கள்.

"யார்னா ஒருத்தன் அவனா இருக்கலாம் இல்ல சார்?" என்பார் என்னிடம்.

நாட்டில் எத்தனையோ கோடி இளைஞர்கள் என்று நான் சொன்னேன். "அதுக்குத்தான் சீக்கிரம் ஆரம்பிச்சேன்" என்றார். சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

ஒரு வருஷம் முடிய இன்னும் சில மாதங்கள் இருந்தன. நோய் திரும்பிவிட்டது.

டாக்டர் கையை விரிக்கவில்லை. கொடுத்த அதே ஆளிடம் இருந்து கொஞ்சம் வெள்ளை அணுக்களை மட்டும் வாங்கி ஏற்றினால், அவை இருக்கிற நோயை அடிக்க வாய்ப்பு உண்டு, முதல் தடவை மாதிரி பெரிய ஏற்பாடு வேண்டாம், கையில் ஊசி போட்டு எடுப்பதுதான் என்றார். அதுவரை நோயைப் பிடித்து நிறுத்த ஊசி எழுதிக் கொடுத்தார். அன்று நான் போகவில்லை. அக்கா மருந்துக்கடை வரிசையில் நின்றிருந்தபோது மில்லுக்காரர் மட்டும் டாக்டரிடம் பேசிவிட்டு வந்தார். கேட்கச் சொல்லியாயிற்று, பதில் வரவேண்டும் என்றார்.

பதில் வரவில்லை. ஒரு வாரம், இரண்டு வாரம், மூன்று வாரம். ஒவ்வொரு நாளும் அவர் வெளுத்துக்கொண்டே வந்தார். அக்கா மாவுத் தூக்குகளுக்கு நடுவில் நின்று புலம்புவார்.

"போன தடவ குடுத்துட்டானே, இப்ப மட்டும் இன்னாவாம்? கல்யாணம் ஆயிருக்கும், பொண்டாட்டி வாணாம்னு சொல்லியிருப்பா. நல்லாருப்பானா அவன்?"

கட்டிலில் கிடந்த மனுஷனுக்கு எங்கிருந்துதான் அந்தக் குரல் வந்ததோ. "அந்தப் புள்ளைய ஒண்ணும் சொல்லாத!" என்று கத்தினார். அவர் கத்தி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான். பெருந்தன்மை என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

அடுத்த நாள் அக்கா பொறுக்க முடியாமல் பதிவேட்டுப் பெண்ணுக்குத் தானே போன் செய்தார். ஸ்பீக்கரைப் போட்டு என் கையில் கொடுத்திருந்தார். அந்தப் பெண் கம்ப்யூட்டரில் பார்த்துவிட்டுத் தயங்கித் தயங்கிச் சொன்னார். ஆஸ்பத்திரியில் இருந்து எந்த வேண்டுகோளும் வரவில்லை. ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டால், நோயாளி யோசித்துச் சொல்வதாக டாக்டரிடம் நேரம் கேட்டிருக்கிறார் என்றார்கள்.

அக்கா உள்ளே போனார். நான் வாசற்படியிலேயே நின்றேன்.

"கேக்கவே இல்லியாமே?"

அவர் குரல் மெல்லத்தான் வந்தது.

"போன தடவ குடுத்ததையே நான் இன்னும் திருப்பல. மறுபடியும் எந்த மூஞ்ச வச்சிக்கினு அவன் வாசல்ல போயி நிப்பேன்? மொதல்ல ஒரு தடவ அவனப் பாத்துடறேன். அப்புறம் கேக்கலாம்னு..."

"அவன் வர்றதுக்கு நீ உயிரோட இருக்கணும்யா" என்றார் அக்கா.

நானும் உள்ளே போய்ப் பேசினேன். எனக்குத் தெரிந்த வாதங்களையெல்லாம் எடுத்து வைத்தேன். கொடுக்கிறவனுக்கும் அதில் ஒரு சந்தோஷம் இருக்கும், அதைக் கொடுக்கவிடுவதும் மரியாதைதான், கேட்காமல் இருப்பது அவனை அவமதிக்கிறது என்றேன். கட்டுரையில் எழுதியிருந்தால் நன்றாகத்தான் இருந்திருக்கும். மில்லுக்காரர் பொறுமையாகக் கேட்டுவிட்டு என்னிடமே திருப்பிக் கொடுத்துவிட்டார். அவர் தலையாட்டியது என் பேச்சுக்காக இல்லை. கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு அக்கா தரையில் உட்கார்ந்திருந்தார், அதற்காக.

அன்று மதியம் ஆஸ்பத்திரியில் இருந்து வேண்டுகோள் போனது. பொழுது சாய்வதற்குள் அந்தப் பெண் போன் செய்தார். அவர் சம்மதித்துவிட்டார், யோசிக்கக்கூட இல்லை, எப்போது வரவேண்டும் என்றுதான் கேட்டார் என்றார். அக்கா போனைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

அந்தப் பையனுக்கு ரத்தச் சோதனை முடிந்து, அணு எடுக்க நாள் குறித்தார்கள். அந்த நாளுக்கு முந்தின நாள் மில்லுக்காரருக்குக் காய்ச்சல் ஏறியது. அணுக்கள் குறைந்துபோன உடம்பில் அதை எதிர்த்து நிற்க ஒன்றும் இல்லை. ஆம்புலன்ஸில் சென்னைக்குக் கொண்டுபோனோம். மறுநாள் காலையில், அந்தப் பையன் எந்த ஊரிலோ எந்த மையத்திலோ கையை நீட்டிக்கொண்டு படுத்திருந்த நேரத்தில், அவனுக்கு ஊசி குத்துவதற்கு முன்னால், வேண்டாம் என்று சொல்லவேண்டியதாகிவிட்டது.

காரியமெல்லாம் முடிந்து சில நாள் கழித்து, நான் பக்கத்தில் இருந்தபோது, அந்தப் பெண் அக்காவுக்குப் போன் செய்தார்; ஸ்பீக்கர் போட்டிருந்தது. துக்கம் விசாரித்தார். பிறகு சொல்லலாமா வேண்டாமா என்று தடுமாறினார்.

"அம்மா, குடுக்க வந்தவர் எங்ககிட்ட ஒண்ணு கேட்டுக்கிட்டே இருக்கார். தினம் போன் பண்றார். உங்ககிட்ட கேக்காம எங்களால பதில் சொல்ல முடியல."

"இன்னா கேக்கறான்?"

"நான் இன்னும் கொஞ்சம் சீக்கிரம் வந்திருந்தா அவரு பொழைச்சிருப்பாரான்னு கேக்கறார்."

மில் ஓடாததால் தெருவே வெறிச்சென்று இருந்தது. மூன்று வாரம் அவனைத் திட்டின வாய் அக்காவுடையது. புருஷனை விட்டுக்கொடுத்து ஒரு வார்த்தை பேசி அறியாத வாயும் அதுதான். என்னைப் பார்த்தார்.

"எழுதிக்கம்மா" என்றார் போனில். "கூப்ட்ட அன்னிக்கே வர்றேன்னு சொன்னவன் அவன். லேட் பண்ணது அவன் இல்ல, எங்கூட்டுக்காரரு. அவனக் கேக்கவே இல்ல, எங்ககிட்டயும் மறைச்சிட்டாரு. இத அப்டியே சொல்லு, மாத்திச் சொல்லாத. சொல்லிட்டு, அந்தப் புள்ளையத் தூங்கச் சொல்லு."